சாம்பிள் மாமா

ஆல்பத்தைப் புரட்டிக்கொண்டே வந்த வெங்கட்ராமன் மாமாவின் கை ஒரு பக்கத்தில் நின்றது. மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். படத்தை முகத்துக்கு அருகே கொண்டுபோனார். மறுபடி கண்ணாடியை மூக்குக்கு இறக்கினார்.

“இந்த மாமா யாரு?” என்றார்.

கேசரித் தட்டோடு கூடத்தின் நடுவில் நின்றிருந்த என் அக்கா வத்சலா எட்டிப் பார்த்தாள். பார்த்த மாத்திரத்தில் தட்டு ஒரு பக்கமாகச் சாய்ந்தது.

இடம், ராஜா அண்ணாமலைபுரத்தில் அக்காவின் ஃபிளாட். வெங்கட்ராமன் மாமாவும் அவர் மனைவி மைதிலி மாமியும் தி.நகரிலிருந்து பெண் பார்க்க வந்திருந்தார்கள். பெண், அக்காவின் ஒரே மகள் ஜனனி. பிள்ளை அரவிந்த் பெங்களூரில் வேலையில் இருந்தான். இருவரும் நான்கைந்து மாதமாகப் பேசிப் பிடித்துப்போயிருந்தார்கள். ஜாதகமும் சேர்ந்துவிட்டது. பெரியவர்கள் வாயிலிருந்து ஒரு ‘சரி’ வரவேண்டியதுதான் பாக்கி.

அந்தப் பக்கத்திலிருந்த படத்தில் நான்கு பேர். அக்கா, அவள் கணவரான அத்திம்பேர், முன்பல் விழுந்த ஜனனி. ஜனனிக்குப் பக்கத்தில் தாடி வைத்த ஒரு வெள்ளைக்காரர். தலையில் தொப்பி, நீலக் கட்டம் போட்ட சட்டை, முழங்கை வரை சுருட்டிய கை, வாய் கொள்ளாத சிரிப்பு. இரண்டு கையாலும் ஒரு தாம்பாளத்தை ஏந்தியிருந்தார். அதில் வெற்றிலை, பாக்கு, பழம், தேங்காய்.

மாமா பக்கத்தைத் திருப்பினார். ஜனனிக்குப் பத்து வயது. அதே ஆள், அதே சட்டை, அதே தாம்பாளம். இன்னும் சில பக்கம் தள்ளி ஜனனி பாவாடை தாவணியில் நின்றாள். தாம்பாளத்தில் தேங்காய் அப்படியே இருந்தது.

“இவருக்கு மட்டும் வயசே ஆகலையே” என்றார் மாமா.

அவர் தணிக்கைத் துறையிலிருந்து ஓய்வு பெற்றவர். அடுத்தவர் கணக்கில் எது பொருந்தவில்லை என்று தேடியே வாழ்நாளைக் கழித்தவர்.

மூன்று கூடாது

இதற்கு பதில் சொல்ல வேண்டுமானால் நான் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

மூன்று பேராக நின்று படம் எடுத்துக்கொள்ளக் கூடாது என்பது எங்கள் குடும்பத்தில் சட்டம். எடுத்தால் நடுவில் நிற்பவருக்கு ஆகாது. வாசகர்களில் பாதிப் பேர் வீட்டிலும் இது இருக்கும். மீதிப் பாதி, இல்லை என்று சொல்லிக்கொண்டே நாலாவது ஆளைக் கூப்பிடுகிறவர்கள். அக்கா இதில் ஒரு படி மேல். இலையில் மூன்று தோசை வைக்கமாட்டாள். மூன்றாவதைப் பிய்த்து நாலாக்கித்தான் போடுவாள்.

எங்கள் அம்மா காலத்தில் இது ஒரு பிரச்சினையே இல்லை. நாங்கள் ஏழு பேர். அந்த வீட்டில் மூன்று பேரை மட்டும் தனியாகப் பிடித்து நிறுத்துவதுதான் கஷ்டம்.

தொல்லை அடுத்த தலைமுறையில் வந்தது. ஒரு குழந்தை போதும் என்று ஊரே முடிவு செய்தது. அப்பா, அம்மா, குழந்தை. எண்ணிப் பாருங்கள். மயிலாப்பூரிலும் அடையாறிலும் எத்தனையோ குடும்பங்கள், பிறந்தநாளோ காதுகுத்தோ, படம் எடுக்க நின்றாலே சாஸ்திர விரோதம் என்ற நிலைக்கு வந்துவிட்டன. இதைப் பற்றி யாராவது ஆராய்ச்சி செய்திருக்கிறார்களா என்று நூலகத்தில் தேடினேன். மக்கள்தொகை பற்றி அலமாரி நிறையப் புத்தகம் இருக்கிறது. இதைப் பற்றி ஒரு வரி இல்லை.

அரை ஆள்

அக்கா குடும்பத்துக்கு நாலாவது ஆள் நான்தான். அப்போது எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. அபிராமபுரத்தில் ஒரு அறையில் இருந்தேன். கூப்பிட்டால் பத்து நிமிஷத்தில் வந்து நிற்க முடியும்.

ஆனால் நாலாவது ஆளுக்கு என்று ஒரு மரியாதை உண்டு. ஓரத்தில் நிற்க வேண்டும். மாட வீதி ஸ்டுடியோக்காரர் என்னைப் பார்த்ததும், “சார், நீங்க கொஞ்சம் அப்படி” என்பார். நான் அப்படிப் போவேன். “இன்னும் கொஞ்சம்” என்பார். பிரிண்ட் வந்தால் என்னில் பாதிதான் இருக்கும். ஒரு தோள், ஒரு காது, சட்டைப்பையில் பேனா.

பிறகு ஆபீஸ் என்னைத் திருச்சிக்கு மாற்றியது. நான் இல்லாத காலத்தில் அத்திம்பேர் சொந்தமாக ஒரு கேமரா வாங்கிவிட்டார். அதில் தானாக எடுக்கும் வசதி இருந்தது. மேஜைமேல் வைத்துவிட்டு ஓடி வந்து நிற்பார். ஒரு கவர் நிறைய மூன்று பேர் படங்கள் சேர்ந்துவிட்டன. அக்கா அவற்றை ஆல்பத்தில் ஒட்டவும் இல்லை, கிழிக்கவும் மனம் வரவில்லை. சுவாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தாள்.

ரிச்சி தெரு சிடி

திருச்சியிலிருந்து திரும்பியதும் கம்ப்யூட்டர் வாங்கினேன். எந்த ஆண்டு என்று எழுதக் கை பரபரக்கிறது. பில் கிடைக்கவில்லை, ஆகவே எழுதவில்லை. புத்தாயிரம் பிறந்து ஊர் அந்த மயக்கம் தெளிந்துகொண்டிருந்த சமயம். மானிட்டர் ஒரு சின்ன மாவரைக்கும் இயந்திரம் அளவுக்கு இருந்தது. மௌஸுக்கு அடியில் ரப்பர் உருண்டை. அதில் நூலும் தூசும் சுற்றிக்கொள்ளும். நகத்தால் சுரண்டி எடுக்க வேண்டும்.

ஸ்கேனரை ரிச்சி தெருவில் வாங்கினேன். கடைக்காரர் பெட்டிக்குள்ளிருந்து ஒரு சிடியை எடுத்து என் கையில் வைத்தார்.

“இது ஃப்ரீ சார். போட்டோவுல இன்னா வேணா பண்லாம். கீற ஆளைத் தூக்கலாம். இல்லாத ஆளை உக்கார வெக்கலாம்.”

“அப்படியா?”

“கேஸ் மட்டும் ஆவாம பாத்துக்க நைனா.”

அந்த சிடியில் இருந்தது படம் திருத்தும் மென்பொருள். பெயர் வேண்டாம், அந்தக் காலத்தில் ஸ்கேனர் வாங்கிய எல்லோருக்கும் அது கிடைத்திருக்கும். கயிறு போட்டு மாட்டைப் பிடிப்பது போல உருவத்தைச் சுற்றி வளைக்க ஒரு கருவி. ஒரு இடத்திலிருந்து கொஞ்சம் சுவரை எடுத்து இன்னொரு இடத்தில் பூசுவதற்கு ஒரு முத்திரை. படத்தின் ஓரத்தைப் பக்கம் புரள்வது போல மடித்துக் காட்டுவது, இருதய வடிவச் சட்டம், ரோஜாப்பூச் சட்டம். செய்த தப்பை ஒரு முறைதான் திரும்பப் பெறலாம். இரண்டாவது தப்பு செய்தால் அதோடு வாழப் பழக வேண்டியதுதான். ஒரு படத்தைச் சேமிக்கக் கொடுத்துவிட்டு, காபி போட்டுக் குடித்து, டம்ளரைக் கழுவி வைத்துவிட்டு வந்தாலும் மணல் கடிகாரம் ஆடாமல் நிற்கும்.

செய்தி பரவியது. ஞாயிற்றுக்கிழமை மதியமானால் கையில் கவரோடு ஆட்கள் வந்தார்கள். அடையாறிலிருந்து ஒருவர், எல்லாப் படத்திலும் கண்ணை மூடியிருக்கிறார், திறக்க வேண்டும் என்றார். எங்கே போவேன் கண்ணுக்கு? அத்திம்பேர் படத்திலிருந்து எடுத்துப் பொருத்தினேன். வந்தவரின் மனைவி வெகுநேரம் படத்தைப் பார்த்தாள். “இப்பத்தான் பார்க்கறதுக்கு சாந்தமா இருக்கார்” என்றாள். அத்திம்பேருக்கு இன்றுவரை இது தெரியாது. தெரிந்தாலும் எதுவும் சொல்லமாட்டார். அவர் பேசாத மனிதர்.

மீனும் தாம்பாளமும்

அக்கா சுவாமி படத்துக்குப் பின்னாலிருந்த கவரோடு வந்தாள். “இதுக்கெல்லாம் நாலாவது ஆள் போடு” என்றாள்.

என்னையே போடலாம் என்றேன். தேடினோம். முழுசாக ஒரு நான் எந்தப் படத்திலும் கிடைக்கவில்லை. இருந்ததெல்லாம் பாதிகள். இரண்டு பாதியைச் சேர்க்கலாம் என்றால் எல்லாமே இடது பாதி.

பெரிய அத்திம்பேரைப் போடலாமா என்றேன்.

“அவரைப் போட்டா, என்னை ஏன் போடலைன்னு சின்ன அத்திம்பேர் கல்யாணத்துக்குக் கல்யாணம் கேப்பார். சித்தப்பாவைப் போட்டா பெரியப்பாவுக்கு ஆகாது. ஏண்டா, வம்பில்லாத மனுஷாளே கிடையாதா உன் கம்ப்யூட்டர்ல?”

இருந்தார். மென்பொருளோடு மாதிரிக்காகக் கொஞ்சம் படங்கள் கொடுத்திருந்தார்கள். ஒரு கிளி, ஒரு கலங்கரை விளக்கம், ஒரு பூசணிக்காய்க் குவியல். கடைசியில் ஆற்றங்கரையில் நின்று சிரிக்கும் ஒரு வெள்ளைக்காரர். முழு ஆள். தலை முதல் கால் வரை எதுவும் வெட்டுப்படவில்லை. எங்கள் உறவில் ஒருவருக்கும் அவரோடு மனஸ்தாபம் இல்லை.

ஒரே ஒரு சிக்கல். இரண்டு கையாலும் ஒரு பெரிய மீனை ஏந்தியிருந்தார்.

“ராம ராமா” என்றாள் அக்கா. “மொதல்ல அதை எடு.”

எடுத்தேன். இரண்டு ஞாயிற்றுக்கிழமை ஆயிற்று. மீன் போனபின் வெறுங்கையை நீட்டிக்கொண்டு, பிரசாதத்துக்குக் காத்திருப்பவர் போல நின்றார். பார்க்கப் பாவமாக இருந்தது. அதனால் வேறொரு கல்யாணப் படத்திலிருந்து தாம்பாளத்தை எடுத்து அவர் கையில் வைத்தேன். வெட்டிய ஓரத்தில் கொஞ்சம் வெளிச்சம் ஒட்டிக்கொண்டு, உடம்பைச் சுற்றி மெல்லிய வெள்ளைக் கோடாக நின்றது. என்ன செய்தும் போகவில்லை.

“இருக்கட்டும்” என்றாள் அக்கா. “ஒரு தேஜஸா இருக்கு.”

குழந்தை ஜனனி பக்கத்தில் முழங்காலிட்டு உட்கார்ந்து, திரையில் அந்தப் படங்கள் இருந்த பெட்டியின் பெயரை ‘சாம்பிள்’ என்று எழுத்துக்கூட்டிப் படித்தாள். அன்றிலிருந்து அவர் சாம்பிள் மாமா ஆனார்.

நான் திருச்சியிலிருந்து வந்துவிட்டேனே, இனி நானே நிற்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டேன். “நீ நின்னா மொறைச்சிண்டு நிக்கறே. அவர் சிரிச்சிண்டிருக்கார்” என்றாள் அக்கா. என் வேலை போயிற்று. அப்புறம் எடுத்த மூன்று பேர் படமெல்லாம் அவர் கைக்குப் போயின. நாளடைவில் அவர் அங்கே இருப்பதையே நாங்கள் பார்ப்பதை விட்டுவிட்டோம். வீட்டுத் தூணை யார் பார்க்கிறார்கள்? பிள்ளை வீட்டாருக்கு ஆல்பத்தை எடுத்துக் கொடுக்கும்போது அக்காவுக்கு அவர் நினைவே வராததற்கு அதுதான் காரணம்.

தேதி என்றொரு வியாதி

இங்கே ஒரு திருத்தம். இரண்டு வாரம் முன்பு இதே பத்தியில் தெப்பக்குளத்து விளக்குகளைப் பற்றி எழுதியதில் ஆண்டை ஒன்று தள்ளிப் போட்டுவிட்டேன். மந்தைவெளி வாசகர் ஒருவர் சுட்டிக்காட்டியிருக்கிறார். அவர் சொல்வதே சரி.

தேதி விஷயத்தில் நான் கொஞ்சம் வியாதிக்காரன். பழைய படங்களின் காலத்தை இப்போது அலங்காரத்தை வைத்தே சொல்லிவிடுவேன். முகத்தைச் சுற்றி முட்டை வடிவில் பனிமூட்டமா? ஸ்கேனர் வந்த புதிது. பக்கம் புரளும் ஓரமா? அதற்கு ஓரிரு ஆண்டு பின். கபாலி கோயில் கோபுரத்தின் மேல் சூரியன் கண்ணாடிச் சில்லாகச் சிதறுகிறதா? அந்த வீட்டுப் பையன் இன்ஜினியரிங்கில் சேர்ந்துவிட்டான் என்று அர்த்தம்.

அந்தக் காலத்துக் கேமராக்கள் படத்தின் மூலையில் ஆரஞ்சு நிறத்தில் தேதி போடும். பேட்டரி மாற்றினால் கடிகாரம் ஆதிகாலத்துக்குப் போய்விடும். யாரும் அதைச் சரிசெய்வதில்லை. தப்புத் தேதிக்குத் தேதியே இல்லாமல் இருப்பது மேல் என்று, முத்திரைக் கருவியால் எத்தனையோ எண்களின் மேல் சுவரும் புல்லும் பூசியிருக்கிறேன்.

போன மாதம் ஜனனி தன் போனில் ஒரு படம் காட்டினாள். அடையாறில் அவளும் தோழிகளும். நிறம் வெளுத்து, கீறல் விழுந்து, என் பழைய ஸ்கேனர் கெட்டுப்போன சமயத்தில் வந்தது போல இருந்தது. மூலையில் ஆரஞ்சு நிறத்தில் தேதி. அந்தத் தேதியில் இவள் பிறக்கவே இல்லை.

“இது தப்பு” என்றேன்.

“தப்பாத்தான் மாமா போடும். அதுதான் ஸ்டைல்.”

“இதை ஒருத்தன் நாளைக்கு ஆதாரமா எடுத்துண்டா?”

“எடுத்துண்டா எடுத்துக்கட்டும். காசு குடுத்து வாங்கின ஆப் மாமா.”

நாங்கள் நாள்கணக்காகப் போராடித் துடைத்த குறைகளை, இப்போது காசு கொடுத்து வாங்கி ஒட்டிக்கொள்கிறார்கள். துடைப்பதற்கோ ஒரு விரல் போதும். போனே என்னைக் கேட்கிறது, பின்னால் நிற்பவரை எடுத்துவிடட்டுமா என்று. நான் வேண்டாம் என்று சொல்லிவிடுவேன். ஓரத்தில் நிற்பவனின் கஷ்டம் எனக்குத் தெரியும்.

மறுபடி கேசரி

“இந்த மாமா யாரு?” என்று வெங்கட்ராமன் மாமா கேட்டாரல்லவா.

நான் சொல்ல வாயெடுத்தேன். நல்ல விஷயம் பேசும் நேரத்தில், எங்கள் படமெல்லாம் ஒட்டுப்போட்டது என்று சொல்லிவிடுவேனோ என்று அக்காவுக்குப் பயம். முந்திக்கொண்டாள்.

“இவருக்கு சிநேகிதர்” என்று அத்திம்பேரைக் காட்டினாள். அத்திம்பேர் தலையை ஆட்டினார். அவர் எதற்கும் தலையை ஆட்டுவார்.

“ஓ. இங்க எதுக்கு வந்தார்?”

அக்கா கேசரித் தட்டை நிமிர்த்தினாள். அதுவரை பேசாமல் இருந்த மைதிலி மாமி மெதுவாகக் கேட்டாள்:

“மிருதங்கம் கத்துக்க வந்தவரோ?”

“ஆமாம் மாமி, மிருதங்கம்” என்று அக்கா அதைப் பிடித்துக்கொண்டாள். “சீசனுக்கு சீசன் வருவார்.”

“மார்கழியிலயா?” என்றாள் மாமி.

“மார்கழியிலதான்.”

“பேர் என்ன?” என்றார் மாமா.

மாமி வாயைத் திறப்பதற்குள் அக்கா, “ராபர்ட்” என்றாள்.

மாமியின் முகத்தில் ஏதோ ஒன்று அணைந்தது. அன்று எனக்கு அது புரியவில்லை. மாமா ஆல்பத்தை மூடினார். கேசரி நன்றாக இருந்தது என்றார். பாதி கேசரி தட்டிலேயே இருந்தது. போய்ச் சொல்லி அனுப்புகிறோம் என்று எழுந்துவிட்டார்கள்.

லிஃப்ட் கதவு மூடியதும் ஜனனி உள்ளேயிருந்து வந்தாள்.

“யாரும்மா ராபர்ட்?”

“வாயில வந்துது, சொல்லிட்டேன்.”

“போட்டோல ஒட்டினதுன்னு சொன்னா என்ன?”

“ஒண்ணை ஒட்டினவா இன்னும் என்னென்ன ஒட்டினாளோன்னு நினைக்கமாட்டாளா?”

ஒரு வாரம் தி.நகரிலிருந்து தகவல் இல்லை. பிறகு மாமாவே போன் செய்தார். “ஒரு விஷயம் நேர்ல பேசணும். வாங்கோ” என்றார்.

ஜனனி அக்காவின் எதிரில் வந்து உட்கார்ந்தாள். கண் சிவந்திருந்தது.

“அம்மா, எனக்கு அவனைப் பிடிச்சிருக்கு. ராபர்ட் எந்த ஊர்க்காரர்னு அரவிந்த் கேட்டான். போன்ல சார்ஜ் இல்லேன்னு வெச்சுட்டேன். நான் எத்தனை நாள் சார்ஜ் இல்லாம இருக்க முடியும்? போய் உள்ளதைச் சொல்லிடு. அதனால வேண்டாம்னா வேண்டாம்னு சொல்லட்டும்.”

அக்கா சரி என்றாள். நானும் அத்திம்பேரும் அவளோடு கிளம்பினோம். வாசலில் எண்ணிப் பார்த்தால் மூன்று பேர். அக்கா உள்ளே போய் ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்து வந்து கைப்பையில் போட்டுக்கொண்டாள். அது நாலாவது.

தி.நகர்

பனகல் பூங்காவிலிருந்து பிரியும் தெருவொன்றில் அவர்கள் வீடு. செருப்பைக் கழற்றிவிட்டு நிமிர்ந்தேன். கூடத்துச் சுவரில் சட்டம் போட்ட ஒரு படம். வெங்கட்ராமன் மாமா, மைதிலி மாமி, நிக்கர் போட்ட அரவிந்த்.

பக்கத்தில் சாம்பிள் மாமா.

அதே தொப்பி. அதே நீலக் கட்டம். அதே சிரிப்பு. கையில் தாம்பாளம் இல்லை. மீன் இருந்த இடத்தில் குறுக்குவாட்டில் ஒரு மிருதங்கம்.

அக்கா என் முழங்கையைப் பிடித்தாள். எலுமிச்சம்பழம் இருந்த பை என் விலாவில் இடித்தது. சமையலறை வாசலில் மைதிலி மாமி நின்றிருந்தாள். பார்வை தரையில் இருந்தது. அவர்களுக்கும் ஒரே பிள்ளை. அவர்களும் ஸ்கேனர் வாங்கியிருக்கிறார்கள்.

“பாத்தேளா?” என்றார் வெங்கட்ராமன் மாமா. “பீட்டர். இவ மாமாவுக்கு ரொம்ப வேண்டியவர். அன்னிக்கு உங்காத்து ஆல்பத்துல பார்த்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டுது. ஆனா ஆத்துக்கு வந்து படத்தைச் சரிபார்க்காம வாயைத் திறக்கப்படாதுன்னு இருந்தேன். அதே மனுஷர்தான். மிருதங்கம் சரியா இருக்கு, மார்கழி சரியா இருக்கு. நீங்க ராபர்ட்ங்கறேள், இவ பீட்டர்ங்கறா. அதுதான் இடிக்கறது. பேரை மாத்திச் சொல்ற ஒரு மனுஷரை ரெண்டு ஆத்துலயும் விட்டிருக்கோம்னா, நான் அதை விசாரிக்காம சம்பந்தம் பண்ணமாட்டேன்.”

அக்கா பையைக் கீழே வைத்தாள். சொல்ல வந்ததைச் சொல்லிவிட்டாள்.

“மாமா, மன்னிக்கணும். அவர் ராபர்ட்டும் இல்லை, பீட்டரும் இல்லை. அவர் கம்ப்யூட்டர்லேர்ந்து வந்தவர்.”

“இருக்கட்டுமே. இப்ப யார்தான் கம்ப்யூட்டர்ல இல்லை?”

நான் இடைபுகுந்து சிடியைச் சொன்னேன், மாதிரிப் படங்களைச் சொன்னேன், கிளியும் கலங்கரை விளக்கமும் உட்பட. மீனைச் சொன்னேன். மாமி ஓரடி முன்னால் வந்தாள்.

“ஏன்னா, அவர் சொல்றது நிஜம்தான். நான்தான் ஒட்டினேன். மூணு பேரா இருந்துதே, அதான். யாருன்னு நீங்க கேட்டப்போ, எங்க மாமாவுக்குத் தெரிஞ்சவர்னு சும்மா சொன்னேன். சொன்னதை அப்புறம் மாத்த முடியலை.”

மாமா எங்கள் நான்கு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு சிரித்தார்.

“நன்னா இருக்கு. நான் அவரோட பேசியிருக்கேன்.”

“எப்போ?” என்றேன். அது என்னையறியாமல் வந்தது.

“மார்கழி. நல்ல பனி. இதே கூடம். தரையில உட்கார முடியலை, நாற்காலி போட்டோம். ரசம் ரெண்டாந்தரம் கேட்டு வாங்கிண்டார். கை அலம்பப் போனப்போ குழாய் பீச்சி சட்டைக் கையெல்லாம் நனைஞ்சுபோச்சு. நான்தான் துண்டு குடுத்தேன்.”

நான் சுவரிலிருந்த படத்தின் அருகே போனேன். சுருட்டிய சட்டைக் கை உண்மையிலேயே நனைந்திருந்தது. ஆற்றுத் தண்ணீர். இத்தனை வருஷத்தில் நான் அதைக் கவனித்ததே இல்லை.

“உங்களுக்கு அப்படித் தோணறது” என்றாள் மாமி.

“உனக்கு எப்படி ஞாபகம் இருக்கும்? நீ அன்னிக்கு உள்ள அப்பளம் பொரிச்சிண்டிருந்தே.”

ஆதாரம் இல்லாமல் எதையும் ஏற்கக் கூடாது என்று நினைப்பவன் நான். என்னிடம் இருந்தது ரிச்சி தெருவில் இலவசமாக வந்த, எப்போதோ தொலைந்துபோன ஒரு சிடி. அவரிடம் ரசமும் துண்டும் இருந்தன. நான் உட்கார்ந்துவிட்டேன்.

“அதெல்லாம் இருக்கட்டும்” என்றார் மாமா. “எனக்குப் பேர்தான் இடிக்கறது.”

அக்கா என்னைப் பார்த்தாள். நான் மாமியைப் பார்த்தேன்.

“ராபர்ட் பீட்டர்” என்றார் அத்திம்பேர்.

அவர் குரலை அந்த வீட்டார் அன்றுதான் முதல் முறையாகக் கேட்டார்கள். சொல்லிவிட்டு அவர் தண்ணீர் டம்ளரை எடுத்துக் குடித்தார்.

மாமாவின் முகம் மலர்ந்தது. ஒரு வாரமாகப் பொருந்தாமல் நின்ற கணக்கு பொருந்திவிட்ட மலர்ச்சி அது.

“அதானே. ஆளுக்குப் பாதியா சொன்னா எனக்கு எப்படித் தெரியும்? ரெண்டு குடும்பத்துக்கும் வேண்டியவர். ஜாதகம் இதுக்கு மேல என்ன சொல்லணும்? மைதிலி, சக்கரை கொண்டா. தையா, மாசியா? நீங்களே சொல்லுங்கோ.”

அக்கா போனை எடுத்து ஜனனிக்கு ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, மாமியின் பின்னால் சமையலறைக்குப் போனாள். டம்ளரை வைக்கும் சாக்கில் நானும் போனேன்.

“மாமி, பொய்யோட ஆரம்பிக்கறோமேன்னு இருக்கு” என்றாள் அக்கா.

மாமி வெள்ளிக் கிண்ணத்தில் சர்க்கரையைப் போட்டுக்கொண்டிருந்தாள்.

“பொய் எங்க? நாம எல்லாரும் உள்ளதைச் சொல்லியாச்சு. அவர் எடுத்துக்கலை” என்றாள். கொஞ்சம் பொறுத்து, குரலைத் தாழ்த்திக்கொண்டாள். “உங்ககிட்ட சொன்னா என்ன. எனக்குக் கல்யாணம் ஆன நாள்லேர்ந்து, என் பொறந்தாத்துப் பக்கத்துல ஒருத்தரை அவர் நல்ல மனுஷர்னு சொல்லிக் கேட்டதில்லை. பீட்டர் ஒருத்தரைத்தான் சொல்லுவார். அவரையும் இல்லேன்னு ஆக்கிட்டா எனக்கு யார் இருக்கா?”

அக்கா அவள் கையிலிருந்த கிண்ணத்தை வாங்கிக்கொண்டாள்.

கூடத்திலிருந்து மாமாவின் குரல் வந்தது. “முதல் பத்திரிகை ராபர்ட் பீட்டருக்குத்தான். யார் அழைக்கறது?”

“நாங்க அழைச்சுடறோம் மாமா” என்றாள் அக்கா.

மைதிலி மாமி சர்க்கரை டப்பாவின் மூடியை அழுத்திச் சாத்தினாள்.

“அதெப்படி?” என்றாள். “அவர் எங்க பக்கம்.”